ஸ்டேஷனுக்குச் சோறு கொண்டுபோன மைனிக்கு

என் பிரியமுள்ள தங்கநேசம் மைனிக்கு,

நீங்கள் போய் ஒரு வருஷம் ஆகிறது. சபையில் உங்கள் நினைவுக்கு ஒரு துண்டுத்தாள் அச்சடிக்கப் போகிறார்களாம். மூப்பர் வீட்டுக்கு வந்து, "நீ வாத்திச்சிதானே, நாலு வரி எழுதித் தா. சாந்தம், பொறுமை, குடும்ப விளக்குன்னு எழுதினாப் போரும்" என்றார். சரி என்று தலையாட்டிவிட்டு உட்கார்ந்தேன். 'சாந்தம்' என்று எழுதியதும் எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. போலீஸ் இன்ஸ்பெக்டர்மேல் கேஸ் கொடுத்த பொம்பளையைச் சாந்தம் என்று எழுதினால் உங்களுக்கே பொறுக்காது. அதனால் அந்தத் தாளைக் கசக்கிப் போட்டுவிட்டு உங்களுக்கே எழுதுகிறேன். மனசிருந்தால் இதை அச்சடிக்கட்டும். இல்லையென்றால் கூட்டத்தில் எழுந்து நின்று நானே வாசித்துவிடுகிறேன்.

முதலில் ஊர்ச் செய்தி. நம் தாலுகா எல்லாம் போன மாசம் சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்துவிட்டது. கன்னியாகுமரி ஜில்லா என்று பெயர். குழித்துறைச் சந்தையில் வெடி போட்டார்கள், மிட்டாய் கொடுத்தார்கள். நானும் ஒன்று வாங்கித் தின்றேன், பொய் சொல்லக் கூடாது. தமிழ் பேசுகிறவர்கள் தமிழ் ராஜ்யத்தில் இருக்க வேண்டும் என்ற ஆசை எனக்கு மட்டும் இல்லாமலா போகும்?

ஆனால் அன்றைய வெற்றி ஊர்வலத்தில் கழுத்து நிறைய மாலையோடு ஜீப்பில் நின்றது யார் தெரியுமா? உங்கள் இன்ஸ்பெக்டர். அதே மீசை, அதே தொப்பை. திருவனந்தபுரம் பக்கம் போகாமல் இங்கேயே இருந்துகொள்கிறேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டாராம். மாலையைப் போட்டது நம் ஊர் ஞானமுத்து. போராட்டக்காரன் ஞானமுத்துதான். நான் முறைத்ததைப் பார்த்து, "இப்பம் அவரு நம்ம ஆளாக்கும்" என்றான். கேட்டதும் வாயிலிருந்த மிட்டாயைத் துப்பிவிட்டேன்.

இனி எழுதப் போவது உங்களுக்குத் தெரிந்த கதைதான். வாசிக்கிறவர்களுக்குத் தெரியாதே, அதனால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால், தமிழ் ராஜ்யத்தோடு சேர்க்கச் சொல்லிப் போராடியவர்கள்மேல் போலீஸ் வெடிவைப்பு நடந்ததே, அதற்கு மறுநாள் நம் ஊரில் ஆண்பிள்ளை ஒருவரும் இல்லை. கோஷம் போட்டவர், போடாதவர், வேடிக்கை பார்த்தவர் எல்லாரும் திற்பரப்புக்கு மேலே ரப்பர்த் தோட்டங்களுக்குள் போய் ஒளிந்துகொண்டார்கள். முதலில் ஓடியது ஞானமுத்து. உங்கள் புருஷனான என் அண்ணனையும் போகச் சொல்லி நீங்கள் கெஞ்சினீர்கள். அண்ணன் வாழைக்குலை வியாபாரி. அன்றைக்குச் சந்தைக்கே போகவில்லை. "ஒண்ணும் செய்யாதவன் எதுக்கு ஓடணும்?" என்று கேட்டுவிட்டு முற்றத்தில் குலைக்குக் கயிறு கட்டிக்கொண்டு இருந்தார். உங்களுக்குக் கோபம் வந்துவிட்டது. "பிடிச்சிட்டுப் போனா நான் பொறத்தால வந்து நிப்பேன்னு நெனைக்காதிய. வரவே மாட்டேன், கேட்டியளா" என்று கத்தினீர்கள். வீட்டுக்கு வீடு பெண்டாட்டி புருஷனிடம் கத்துகிற கத்தல்தான் அது.

போலீஸ் வந்தது. ஓடியவர்களைத் தேடிக் காடு ஏற அவர்களுக்கு என்ன பைத்தியமா? முற்றத்தில் ஒரு ஆள் இருக்கிறான், ஆள் கிடைத்துவிட்டான். வாரண்டு இல்லை, காரணம் சொல்லவில்லை. அண்ணன் கேட்டதற்குக் கன்னத்தில் ஒன்று வைத்து வண்டியில் ஏற்றினார்கள். கல்லெறிந்தவன் என்று பிறகு எழுதிக்கொண்டார்கள். கோர்ட்டில் அதற்கு ஒரு சாட்சிகூட நிற்காமல் அந்தக் கேஸ் விழுந்துபோனது.

பிடித்த ஆளை ஒரு நாளுக்குள் மாஜிஸ்திரேட்டு முன்னால் கொண்டுபோக வேண்டும் என்று சட்டம் இருக்கிறது. நான் நாகர்கோவில் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளுக்கு அதைப் பாடமாகவே சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். அந்த நேரத்தில் என் அண்ணன் ஒரு வாரத்துக்கும் மேலாக லாக்கப்பில் கிடந்தார். கடைசியில் மாஜிஸ்திரேட்டு முன்னால் நிறுத்தியபோது, நேற்றுச் சாயங்காலம்தான் பிடித்தோம் என்று சொல்லிவிட்டார்கள். கூசாமல் சொன்னார்கள். அப்படியானால் அதற்கு முந்தைய நாளெல்லாம் அண்ணன் எங்கே இருந்தார்? ஆகாயத்திலா?

அந்த நாளெல்லாம் நீங்கள் அந்த ஸ்டேஷனுக்கு நடந்தீர்கள். பஸ் ஓடவில்லை. ஊரில் கதவு திறந்த வீடு கிடையாது, துணைக்கு வர ஒரு ஆள் கிடையாது. சோறு பொங்கி, மரச்சீனிக் கிழங்கு அவித்து, சாளை மீனில் புளிமுளம் வைத்து, தூக்குச்சட்டியில் எடுத்துக்கொண்டு போனீர்கள். நீங்கள் கடற்கரை ஊரான இராஜாக்கமங்கலத்துக்காரி. உங்கள் புளிமுளம் எங்கள் குடும்பத்தில் யாருக்கும் வராது என்று அம்மாவே ஒத்துக்கொண்டதுண்டு. ஸ்டேஷனுக்கு எதிரில் புன்னைமரத்து மூட்டில் உங்களை நிற்கச் சொன்னார்கள். ஒரு போலீஸ்காரன் வந்து சட்டியை வாங்குவான். "குடுக்கலாம், நீ நில்லு" என்பான். கொஞ்ச நேரத்தில் காலிச் சட்டி வரும். கழுவி வரும்.

அண்ணன் வெளியே வந்த பிறகு ஒரு நாள் அதைச் சொல்லி நீங்கள் என்னிடம் சிரித்தீர்கள். "ஏட்டி, உங்க அண்ணன் இண்ணு வரைக்கும் தின்ன பாத்திரம் கழுவுனதுண்டா? ஸ்டேஷன்ல கெடந்து ஒரு பாடம் படிச்சிருக்காருன்னுல்லா நெனச்சேன்!" என்றீர்கள். சிரித்த கையோடு அழுதீர்கள். ஏனென்றால் அதற்குள் உங்களுக்கு விஷயம் தெரிந்துவிட்டது. அண்ணன் வாயில் ஒரு கவளம்கூடப் போகவில்லை. தின்றதும் அவர்கள், கழுவியதும் அவர்கள். அண்ணனுக்கு ஒரு நேரம் கஞ்சித் தண்ணீர்தான்.

தின்றார்கள், தொலையட்டும். ஒவ்வொரு நாளும் அண்ணன் கம்பியைப் பிடித்துக்கொண்டு, "வீட்டுல இருந்து ஆராவது வந்தாவளா?" என்று கேட்டிருக்கிறார். வாயில் உங்கள் மீன்கறி மணக்க மணக்க அவர்கள் சொன்ன பதில், "ஒருத்தரும் வரல்ல."

அண்ணன் ஜாமீனில் வந்த அன்று நான் வீட்டில் இருந்தேன். தாடியும் எலும்புமாக வந்து உட்கார்ந்தார். நீங்கள் தண்ணீர் கொண்டுவந்து வைத்தீர்கள். சொம்பை அவர் தொடவில்லை. "நீ சொன்னபடி செஞ்சிட்டே, என்னா?" என்றார். உங்களுக்கு முதலில் புரியவே இல்லை. புரிந்ததும், "நான் வந்தேன், ஓரோ நாளும் வந்தேன்" என்று சொன்னீர்கள். "செரி" என்றார் அண்ணன். அவ்வளவுதான். அந்த ஒரு 'செரி'க்குப் பதில் அவர் உங்களை நாலு அடி அடித்திருக்கலாம்.

நானும் சண்டை போட்டுப் பார்த்தேன். "நீ நாகர்கோவில்ல இருந்தே, நீ கண்டியா?" என்று கேட்டார். நான் காணவில்லை. ஒருவரும் காணவில்லை. கண்டது அந்த ஸ்டேஷன்காரர்கள் மட்டும்தான். அதற்குப் பிறகு நீங்கள் புளிமுளம் வைக்கவே இல்லை.

அண்ணனைச் சட்டத்தை மீறி அடைத்துவைத்த அந்த ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர்மேல் கேஸ் கொடுக்கப் போகிறேன் என்று நீங்கள் கிளம்பியபோது ஊர் முழுக்க வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது. வக்கீல்கூட, "போலீசுக்கு எதிராட்டு சாட்சி சொல்ல ஆரு வருவா?" என்று கேட்டார். "வேற ஆரும் வேண்டாம். அந்த இன்ஸ்பெக்டரே வந்து பைபிளைத் தொட்டுட்டு, இந்தப் பொம்பளை சோறு கொண்டு வந்தாளா இல்லியான்னு சொல்லட்டும். அது போரும் எனக்கு" என்றீர்கள். வக்கீல் அதைப் பெரிய சட்ட நுணுக்கம் என்று மெச்சினார். சோறு வந்தது என்றால் ஆள் உள்ளே இருந்தான் என்று ஆகிறது, நேற்றுத்தான் பிடித்தோம் என்றது பொய் என்று ஆகிறது. சரிதான். ஆனால் எனக்குத் தெரியும், நீங்கள் அதைக் கேட்கவைக்க நினைத்தது மாஜிஸ்திரேட்டுக்காக இல்லை. கோர்ட்டில் பின்வரிசையில் உட்கார்ந்திருக்கும் ஒரு வாழைக்குலை வியாபாரிக்காக.

அந்தக் கேள்வியைக் கேட்க விடவில்லையே படுபாவிகள்! உத்தியோகஸ்தர்மேல் கேஸ் என்றால் மேலிடத்து அனுமதி வேண்டும் என்று இழுத்தார்கள். அது முடிந்ததும் இன்ஸ்பெக்டருக்கு வயிற்றுவலி என்றார்கள். அப்புறம் மாஜிஸ்திரேட்டு மாறினார். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீங்கள் வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு போய், உங்கள் பெயரைக் கூப்பிடாததால் திரும்பி வந்தீர்கள்.

சபை சும்மா இருந்ததா? இன்ஸ்பெக்டரின் மாமனார் பக்கத்துச் சபையில் பெரிய ஆள். போதகர் நம் வீட்டுக்கு வந்தார். ஒருத்தர்மேல் மனத்தாங்கலை வைத்துக்கொண்டு இராப்போஜனப் பந்திக்கு வரக் கூடாது, அவரை மன்னித்துக் கேஸை வாபஸ் வாங்கு என்றார். நீங்கள் தலையில் முக்காடு போட்டுக்கொண்டு மரியாதையாகத்தான் பதில் சொன்னீர்கள். "எனக்குச் செஞ்சதை நான் மன்னிக்கேன் ஐயா. ஆனா அவரு சர்க்காரு சட்டையைப் போட்டுக்கிட்டு செஞ்சதை மன்னிக்க நான் ஆரு? நாளைக்கு வேற ஒருத்தி வீட்டு முற்றத்துல அந்த வண்டி வந்து நிக்கும். அவளுக்குப் பதிலா நான் மன்னிச்சிரட்டா?"

பதில் வராதவர்கள் செய்வதைத்தான் போதகரும் செய்தார். அந்த மாசத்திலிருந்து பந்திக்கு எல்லாரும் எழுந்து போகும்போது நீங்கள் மட்டும் பெஞ்சில் உட்கார்ந்திருந்தீர்கள். சாகும்வரை அப்பமும் திராட்சரசமும் உங்களுக்குக் கிடைக்கவில்லை. இப்போது அதே சபை உங்களைச் சாந்தம் என்று அச்சடிக்கப் போகிறதாம்! அச்சடிக்கட்டும், அச்சடிக்கட்டும்.

மஞ்சக்காமாலை உங்களைக் கொண்டுபோனது. போலீஸ் கொன்றது என்று நான் எழுத மாட்டேன். நீங்களே பொய்யைப் பொறுக்க மாட்டீர்கள். ஆனால் கடைசியில் கண் மஞ்சளாகக் கிடந்தபோது அண்ணன் உங்கள் காலைப் பிடித்துவிட்டுக்கொண்டு இருந்தார். நீங்கள் அவரைப் பார்த்து, "நான் வந்தேன்" என்றீர்கள். அண்ணன் மறுபடியும் "செரி" என்றார். அவரை நான் எப்படி மன்னிப்பது? சொல்லுங்கள்.

உங்களுக்குப் பிறகு கேஸை வக்கீல் அண்ணன் பெயரில் நடத்தினார். இந்த ராஜ்யம் மாறுகிற நேரத்தில் இன்ஸ்பெக்டருக்கு அவசரம் வந்துவிட்டது. தலைமேல் கேஸ் இருந்தால் பெரிய உத்தியோகம் கிடைக்காதாம். அடைபட்ட ஆள் ராஜியாகிறேன், கேஸை விட்டுவிடுகிறேன் என்று ஒரு வார்த்தை சொன்னால் கேஸ் அத்தோடு தீர்ந்தது. உடனே ஞானமுத்து நம் வீட்டுக்கு நடையாய் நடந்தான். "மக்கா, நமக்குள்ள நாடு கெடச்சாச்சு. இனி பழசைக் கிளறி நம்ம ஆளையே நாம கொச்சப்படுத்தப்பிடாது" என்றான். ரப்பர்க் காட்டில் ஒளிந்து கிடந்தவனுக்குத் தியாகி பட்டம் கொடுக்கப் பேச்சு நடக்கிறது. ஓடாமல் முற்றத்தில் இருந்தவர் ராஜியாக வேண்டுமாம்.

அண்ணன் சம்மதித்துவிட்டார். நான் அடுப்படியிலிருந்து கத்தினேன். "அவளுக்காகவாவது வேண்டாம் அண்ணா" என்றேன். "அவளே இல்ல, இனி எதுக்கு?" என்றார். எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "அவ இருந்தப்பம் மட்டும் நம்புனியளோ?" என்று கேட்டுவிட்டேன். அதற்குப் பிறகு நாங்கள் பேசிக்கொள்ளவில்லை.

போன திங்கட்கிழமை கோர்ட்டு. நானும் லீவு போட்டுவிட்டுப் போனேன். நடக்கப்போகிற அநியாயத்தைக் கண்ணால் பார்த்தாவது வைப்போம் என்றுதான் போனேன். வராந்தாவில் அண்ணன், வக்கீல், ஞானமுத்து, நான். இன்ஸ்பெக்டர் வெள்ளை வேட்டியில் சம்பந்தி வீட்டுக்கு வருவதுபோல வந்தார். அண்ணன் தோளில் கையைப் போட்டார். கேஸ் முடிந்த சந்தோஷம் அவருக்கு. துக்கம் விசாரிக்காமல் காரியம் பேசக் கூடாது என்ற நம் நாட்டு மரியாதையும் தெரிந்திருந்தது. அந்த மரியாதைதான் அவரைக் கவிழ்த்தது.

"உனக்க பெண்டாட்டி தவறின காரியம் கேட்டேன். பாவம், நல்ல பொம்பளை" என்றார். "அவ வச்ச புளிமுளம் இப்பமும் நாக்குல நிக்கு. கொள்ளாம், நல்ல கைப்பக்குவம். நம்ம ஸ்டேஷன் பிள்ளையளுக்கு அவ சட்டி வந்தாத்தான் சோறு எறங்கும்."

ஞானமுத்து சிரித்தான். அண்ணன் சிரிக்கவில்லை.

"வந்தாளா?" என்று கேட்டார்.

"வராம பின்னே? ஒரு நாளு முடக்கம் கெடையாது. மழை பெஞ்ச அண்ணைக்குக்கூட அந்தப் புன்னைமூட்டுல முந்தானையைத் தலையில போட்டுட்டு நிண்ணா. நான்தான் பாவம் பாத்து வராந்தாவுல ஏறி நிக்கச் சொன்னேன். ஏற மாட்டேன்னுட்டா. அழுத்தக்காரி."

"மழையிலயுமா?"

"மழையிலயும்" என்றார் அந்த மனுஷன். ஆறுதல் சொல்வதாக அவருக்கு நினைப்பு.

அண்ணன் அவர் கையைத் தோளிலிருந்து எடுத்துவிட்டார். அடிக்கவில்லை. அடித்திருந்தால் எனக்குத் திருப்தியாக இருந்திருக்கும். வராந்தாப் படியில் போய்த் தொப்பென்று உட்கார்ந்தார். உள்ளே பெயர் கூப்பிட்டார்கள். வக்கீல் தோளைத் தட்டி எழுப்பிக் கூட்டிக்கொண்டு போனார்.

புது மாஜிஸ்திரேட்டு தமிழில்தான் பேசினார். "ராஜியாகிறீர்களாமே?" என்று கேட்டார்.

"இல்ல ஏமானே" என்றார் அண்ணன்.

"ஆகிறதாகத்தானே சொன்னார்கள். ஏன் இப்போது மாட்டேன் என்கிறீர்?"

அண்ணன் கையைக் கூப்பினார். "எனக்க பெண்டாட்டி வந்திருக்கா ஏமானே. இண்ணைக்குத்தான் எனக்குத் தெரியும்" என்றார். மாஜிஸ்திரேட்டுக்கு ஒன்றும் விளங்கவில்லை. வக்கீலைப் பார்த்தார். வக்கீல் எழுந்து, ராஜி இல்லை, கேஸ் நடக்கட்டும் என்றார். சாட்சி விசாரணைக்குத் தை மாசம் வாய்தா போட்டார்கள். இன்ஸ்பெக்டரின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும் மைனி. புளித்த கள்ளைக் குடித்த முகம்.

ஞானமுத்துவிடம் வக்கீல் கேட்டார், வராந்தாவில் இன்ஸ்பெக்டர் பேசியதைக் கேட்டாயே, கூண்டில் ஏறிச் சொல்வாயா என்று. "நான் வெத்தல போட்டுட்டு நிண்ணேன், ஒண்ணும் காதுல விழல்ல" என்றான். இவன் தியாகி!

திரும்பி வரும்போது ஆற்றுப் பாலத்தில் அண்ணன் நின்றுவிட்டார். "அவ எங்கிட்ட எத்தன வாட்டி சொன்னா" என்றார். "சாகும்போதும் சொன்னாளே" என்றார். "சொன்னா" என்றேன். ஆறுதலாக ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். வரவில்லை மைனி. போலீஸ்காரன் சொன்னால் நம்புகிறார், பெண்டாட்டி சொன்னால் நம்பவில்லை. அன்றைக்கு 'வரல்ல' என்று சொன்னதும் போலீஸ்தான், இன்றைக்கு 'வந்தாள்' என்று சொன்னதும் போலீஸ்தான். இரண்டு தடவையும் அவர்களைத்தான் நம்பினார். அவரை அந்த நிலைக்குக் கொண்டுபோய் விட்டதற்கு எந்தச் சட்டத்தில் தண்டனை இருக்கிறது என்று வக்கீலிடம் கேட்டேன். அதற்குச் சட்டம் இல்லை என்றார்.

உங்கள் இடத்தில் நின்று நான் ஒன்று செய்யப் போகிறேன். தை மாசம் அண்ணன் கூண்டில் ஏறுவார், அவருக்கு அடுத்து நான் ஏறுவேன். இப்போது நான் வேலைபார்க்கிற நம் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கு மானேஜர் நம் போதகர்தான் என்று எனக்குத் தெரியும். வேலை போனால் போகட்டும். கேஸ் ஜெயிக்கும் என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன், அந்த ஆளுக்கு ஆள்பலம் அதிகம். ஆனால் அவரைக் கூண்டில் ஏற்றி, இத்தனை பேர் காது கேட்க, 'அந்தப் பெண் சோறு கொண்டு வந்தாளா?' என்று கேட்கவைப்பேன். வந்தாள் என்றால் அவர் அகப்படுவார். வரவில்லை என்றால் வராந்தாவில் சொன்னதை நான் சொல்வேன். அது நடக்கிறவரை நானும் பந்திக்குப் போகப் போவதில்லை. உங்கள் பெஞ்சில்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

துண்டுத்தாளின் அடியில், சமாதானத்தில் இளைப்பாறுங்கள் என்று போடுவார்களாம். எல்லாருக்கும் அப்படித்தான் போடுவது என்று மூப்பர் சொன்னார். நான் போட மாட்டேன். இப்போதைக்குச் சமாதானம் வேண்டாம் மைனி. தீர்ப்பு வரும்வரை கோபமாகவே இருங்கள். தீர்ப்போடு நானே வந்து சொல்கிறேன், அதற்குப் பிறகு படுத்துக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
உங்களைக் காணாமலே நம்பிய உங்கள் நாத்தூன்,
நேசம்மாள்